பூங்கொத்துக்குக் குனிந்த தலை

மேற்றிசை மலைமுகட்டில் இரவு பெய்த பனி வெளுத்துக் கிடக்க, கியோத்தோ மாநகரின் புறத்தே அமைந்த படப்பிடிப்பு வளாகத்தில், நீரில்லா ஆற்றின்மேல் வளைந்த மரப்பாலமும், உள்ளே அரண்மனையில்லாத கோட்டைவாயிலும், முகப்பையன்றி வேறொன்றுமில்லாத வணிகர் வீதியும் இளவெயிலில் மெல்லத் துலங்கின. இடையில் வாள் செருகிய மறவர் சிலர் தெருவோரம் நின்று சோற்றுருண்டை தின்றுகொண்டிருந்தனர்.

அவர்களைக் கடந்து விரைந்து நடந்தார் உரகாமி தெய்சோ. காட்சிப்பலகை தட்டும் கடைநிலை உதவியாளராய் நுழைந்து, மூத்தோர் வசையெல்லாம் தின்று வளர்ந்து, திரைப்படங்கள் பல இயக்கிப் பெயர்பெற்று, வீடுதோறும் தொலைக்காட்சி புகுந்து திரையரங்குகள் மூடுண்டபின், ‘பெட்டிக்குள் விழுந்தான்’ என்று தோழர் எள்ளவும் தளராது, கிழமைதோறும் ஒளிபரப்பாகும் வாள்வீரர் தொடரை இயக்கிவந்தவர் அவர். அத்தொடரின் முடிவு என்றும் ஒன்றே. பெருமகன் தீர்ப்புரைப்பான், ஊரார் மண்ணில் நெற்றி பதித்து வணங்குவர். இவ்வொரு கதையில் மட்டும், அப்பெருமகனின் ஆட்களாலேயே மகனைப் பறிகொடுத்த தாய் வணங்காது நிற்கவேண்டும் என்றார் தெய்சோ. விளம்பரம் தரும் நிறுவனத்தார்க்கு அது கசந்தது. இரவுணவு வேளையில் அதைக் கண்டால் மக்கள் மனம் நோகுமாம். பிள்ளையைக் கொன்றவனைத் தாய் கும்பிட்டால் நோகாதாம். என்ன நெஞ்சமோ இவர்களுக்கு!

“ஒரே ஒரு கும்பிடுதானேங்க? அதுல என்ன குறைஞ்சுடப் போகுது?” என்று முந்தைய நாள் குழைந்தான், தயாரிப்புப் பொறுப்பாளன் கஷிவாகி.

“குறையாதுன்னா நீ போய்க் கும்பிடு. அவ நிப்பா. நாளைக்கு எடுக்கறேன்” என்றார் தெய்சோ.

எவர் பணி முற்றுப்பெறுகிறதோ அவர்க்குப் பூங்கொத்து ஈந்து, கூடியோர் கைதட்டி வழியனுப்புதல் அவ்வளாகத்தின் நெடுநாள் வழக்கம். அன்று தெய்சோ படப்பிடிப்புக் கூடத்துள் கால்வைத்த அளவில், கஷிவாகி கைநிறையப் பூவோடு எதிர்வந்தான்.

“உரகாமி ஐயா இன்னியோட விடைபெறுறாங்க. இத்தனை வருஷமா ரொம்பப் பாடுபட்டுட்டீங்க ஐயா. இனிமே நிம்மதியா ஓய்வெடுங்க.”

பூவைக் கண்டதும் கைகள் தட்டின. நடப்பது இன்னதென்று அறிவு தெளியுமுன்னரே, விளக்கேற்றுவோரும் ஒப்பனை செய்வோரும் தட்டிவிட்டனர். அதனினும் கொடிது, பழகிய தெய்சோவின் கைகளே அப்பூவை ஏந்த, இடுப்பு வளைய, தலை தாழ, “ரொம்ப நன்றிங்க” என்று வாய் சொல்லியதாகும். கைதட்டல் ஓய்ந்தபின்தான் தம்மைத் துரத்திவிட்டார்கள் என்பது அவருக்கு உறைத்தது.

தாய் வேடத்துக்குரிய கந்தையுடுத்துப் பாயில் அமர்ந்திருந்த நடிகை கினு வாய்திறந்தாள்.

“நேத்துப் பூரா என்னை நிமிர்ந்து நிக்கப் பழக்குனீங்க. இப்ப நீங்களே குனிஞ்சுட்டீங்க. நான் என்ன பண்ணணும்னு சொல்லிட்டுப் போங்க ஐயா.”

தெய்சோவின் முகம் சிவந்தது. கஷிவாகியின்மேல் கொண்ட சினத்தினும் தம் கழுத்தின்மேல் கொண்ட சினமே பெரிதாயிருந்தது. பூங்கொத்தை அவன் மார்பிலேயே திருப்பி அழுத்தினார்.

“இதை உன் முதலாளிகிட்டக் குடு. நான் இன்னும் முடிக்கல.”

பின்பு கூடத்தை நோக்கி, நாள்தோறும் பணி தொடங்குகையில் சொல்லும் சொல்லையே சொன்னார்: “எல்லாருக்கும் காலை வணக்கம்.”

பிறகு மேலே ஒரு விளக்கு எரிந்தது, அடுத்ததும் எரிந்தது. கஷிவாகி தொலைபேசியைத் தேடி ஓடி மீள்வதற்குள், கினு நின்றாள், காட்சி பதிவாயிற்று.

ஒளிபரப்பில் அக்காட்சியில்லை, அவர் பெயருமில்லை. வேறொருத்தியை அமர்த்தி வணங்கவைத்து ஒட்டிவிட்டனர், நாணங்கெட்டோர். அதன்பின் எந்த வளாகமும் தெய்சோவை அழைக்கவில்லை.

ஆண்டுகள் சில கழிந்து அவர் மறைந்தபோது, கஷிவாகி பெரிய மலர்வளையம் அனுப்பியிருந்தான். இறுதிச்சடங்குக்கு வந்தோரெல்லாம் முறைப்படி அவர் உருவப்படத்தின்முன் குனிந்து வணங்கிச் சென்றனர். கினு வெறுங்கையோடு வந்தாள். அவர் பழக்கியவாறே நிமிர்ந்து நெடுநேரம் நின்றாள், வணங்காமலே திரும்பினாள். அன்று அவரை மெய்யாய் வணங்கியவள் அவள் ஒருத்தியே.