ஊரிகத்துக்கு வந்த முள்வேலி

மேஜர் ஜெனரல் ஹரோல்ட் பகைநாட்டிலிருந்து விடுதலையாகி, பதவியும் போய், ஊரிகம் ரயில் நிலையத்தில் இறங்கியபோது, அவரை அடைத்து வைத்திருந்த முள்வேலியும் கூடவே இறங்கியது. பெங்களூரில் வேலை முடித்துத் திரும்பிய கூட்டம் முணுமுணுத்துக்கொண்டே வழிவிட்டது. ஒருத்தியின் துப்பட்டா கம்பியில் மாட்டிக் கிழிந்தது. அவர் நடந்தால் வேலியும் நடந்தது; நின்றால் தரையில் வேர்விட்டது.

ஊரிகம் தங்கச் சுரங்கத்தில் கேஜில், அதாவது இரும்புக் கூண்டில், ஆள் இறக்கும் வேலை பார்த்தவரின் மகன் ஹரோல்ட். சுரங்கம் மூடுவதற்கு முன்பே பட்டாளத்தில் சேர்ந்து, பனிமலையில் இரண்டு விரல்களைப் பறிகொடுத்து, படிப்படியாக ஏறி ஜெனரல் ஆனார். போரின் மூன்றாம் வாரம் அவருடைய ஜீப் மூடுபனியில் வழி தவறி எல்லை தாண்டிவிட்டது. அவரும் டிரைவர் பரத்தும் பிடிபட்டார்கள். பரத், ஊரிகத்தை ஒட்டிய பாலகாட்டில் இருக்கும் சரோஜம்மாவின் ஒரே மகன். ஊர்ப்பையன் என்பதற்காகவே அவனைத் தன்னோடு வைத்திருந்தார். ஒன்றரை வருடம் இருவரும் ஒரே வேலிக்குள் கிடந்தார்கள். பிறகு ஜெனரலை மட்டும் அனுப்பினார்கள். பரத் என்று ஒருவன் எங்களிடம் இருந்ததே இல்லை என்றது அந்த நாடு. இங்கே இருந்த அதிகாரிகளும் சரி என்று தலையாட்டினார்கள். கிளம்பிய அன்றுகூட அவன் கைகாட்டினான் என்று ஜெனரல் டெல்லியில் அறை அறையாகப் போய்க் கத்தினார். வேலி கம்பளங்களைக் கிழிக்கிறது என்று அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

வேலி வீட்டைச் சுற்றி வேர்விட்டு நின்றுகொண்டது; அதன் பிறகு நகரவில்லை. மற்றவர்கள் கம்பியை விலக்கி நுழையலாம். அவர் கிட்டே போனால் மட்டும் அது இறுகியது. மனைவி லவினாவின் கைகள் முழுக்கக் கீறல். கேஸ் கட்டர் வைத்திருந்த வெல்டிங்காரன் நோயலை லவினா கூட்டிவந்து ஞாயிறுதோறும் வெட்ட வைத்தார். வெட்டிய இடத்தில் மறுநாள் ஒரு சாண் கூடுதலாக வளர்ந்திருக்கும். கட்டில் இருக்க, ஜெனரல் மண்ணில் படுத்தார்.

மழைக்காலத்தில் சரோஜம்மா வந்தார். கம்பியைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றார்.

"அங்க இருந்த வேலிதானா சார் இது?"

"அதே வேலிதாம்மா."

"அப்போ எம்புள்ள இதுக்குள்ளதான இருக்கணும்?"

அந்தம்மா புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளே நுழைந்தார். பாலகாட்டுக்குத் திரும்பிப் போகவே இல்லை. கொய்யா மரத்தடியில் உட்கார்ந்து, "பரத்து, அம்மா இங்கதான் கீறேன்" என்று பொழுதெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். சில நாள் அங்கே, யாரும் இல்லாத பக்கத்திலிருந்து இருமல் கேட்டது. மூவரும் கேட்டார்கள்.

ஒருநாள் கோலாரிலிருந்து பெரிய இயந்திரத்தோடு வந்தான் நோயல். வேரோடு பிடுங்கினால் இனி முளைக்காது என்றான். ஒரு கம்பத்தைப் பிடுங்கியும் காட்டினான். அது மறுபடி வரவில்லை. லவினா அழுதுகொண்டே சிரித்தார். சரோஜம்மா ஓடிவந்து அடுத்த கம்பத்தைக் கட்டிக்கொண்டார். முள் குத்திக் கன்னத்தில் ரத்தம் வழிந்தது.

"வேணாம்பா. அவன் வர்றதுக்கு இது ஒண்ணுதான் வழி."

"அக்கா, இவரு உள்ளயே சாவணுமா?" என்று லவினா கத்தினார். "இன்னா பாவம் பண்ணோம் நாங்க?"

சரோஜம்மா ஜெனரலைப் பார்த்தார். பிடுங்கிய இடத்தில் ஓர் ஆள் நுழையும் வழி திறந்திருந்தது. அதற்கு அப்பால் தெரு, டீக்கடை, சுரங்கக் கழிவு குவிந்த சயனைட் மேட்டில் ஏறும் ஆடுகள். ஜெனரல் அந்த வழி வரை நடந்தார். கிடந்த கம்பத்தைத் தூக்கிக் குழியில் நட்டு, காலால் மண்ணை மிதித்தார்.

"போப்பா நோயல்" என்றார்.

லவினா சில வாரம் மூன்று தட்டில் மட்டும் சோறு போட்டார். ஒரு சாயங்காலம் தானாகவே நாலாவது தட்டில் சோறு போட்டு, கொய்யா மரத்தடியில் வைத்தார். காலையில் அந்தத் தட்டு கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. அன்றிலிருந்து அந்த வீட்டில் நாலு பேருக்கு உலை வைக்கிறார்கள். பரத்துக்குக் காரம் ஆகாது என்பதால் குழம்பில் மிளகாயைக் குறைத்திருக்கிறார் லவினா.