குடை காலி

"இதோ பாரு, இதுதான் கடைசி. இந்தப் பொண்ணும் ஓடினா, நீ உன் துப்பாக்கியையே கட்டிக்கிட்டு அழு. நான் இனிமே உனக்காக யார் வீட்டுப் படியும் ஏற மாட்டேன்!"

பேக்கரி வாசலிலேயே அக்கா முடிவாகச் சொல்லிவிட்டாள். தம்பி பூம்பூம் மாடு மாதிரி தலையாட்டினான்.

ராணுவத்துக்கும் போலீசுக்கும் துப்பாக்கி செய்யும் தொழிற்சாலையில் அவனுக்கு வேலை. அங்கே ஒரு கறாரான வழக்கம். துப்பாக்கி கைமாறும்போதெல்லாம் கொடுப்பவன் திறந்து பார்த்து, முனையைத் தரைக்குக் காட்டி, "காலி!" என்று குரல் கொடுக்க வேண்டும். வாங்குபவனும் தன் கண்ணால் பார்த்து, "பார்த்தேன், காலி!" என்ற பிறகுதான் கையில் வாங்கலாம். அது அவனுக்கு ரத்தத்தோடு ஊறிவிட்டது. போன மாதம் ஒரு பெண்வீட்டில், பிளாஸ்க்கைத் திறந்து பார்த்து "காலி!" என்று கத்தினான். டீ பத்தவில்லை என்று குத்திக்காட்டுகிறான் என நினைத்து, பெரிய கும்பிடாகப் போட்டு அனுப்பிவிட்டார்கள்.

"என்ன கேட்டாலும் ஆமா, இல்லை. அதோட நிறுத்திக்கோ" என்றாள் அக்கா.

பெண் தனியாகவே வந்தாள். ஏதோ அரசாங்க உத்தியோகம் என்பது மட்டும்தான் அக்காவுக்குத் தெரியும். நனைந்த குடையை அவன் நாற்காலியோரம் சாய்த்துவிட்டு, கலகலவென்று பேசினாள். அவனும் ஆமா, இல்லை என்றே ஒப்பேற்றினான். கேக் தீர்ந்தது, மழையும் விட்டது. அக்காவுக்கு மூச்சு வந்தது.

"அந்தக் குடையைக் கொஞ்சம் எடுங்க" என்றாள் பெண்.

எடுத்தான். கை தன்பாட்டுக்கு வேலை பார்த்தது. முனை தரைக்குப் போனது, கண் மடிப்புக்குள் போனது.

"காலி!"

பக்கத்து மேசைக்காரர் திரும்பிப் பார்த்தார். மேசைக்கடியில் அக்கா மிதித்த மிதியில் அவனுக்குப் பொறி கலங்கியது.

பெண் சிரிக்கவில்லை. குனிந்து குடைக்குள் எட்டிப் பார்த்தாள்.

"பார்த்தேன், காலி!" என்று வாங்கிக்கொண்டாள்.

"நீங்க... போலீஸா?"

"ஆமா. உங்க ஃபேக்டரி ஆளுங்கதான் வந்து சொல்லிக் குடுத்தாங்க. அது சரி, ட்ரிகரை என்ன பாறையிலயா செய்றீங்க? என் விரலே வீங்கிப் போச்சு!"

"அது என் செக்‌ஷன்தாங்க. ஸ்பிரிங்கை மாத்தினா சரியாயிடும். கொண்டு வாங்க, பார்க்கறேன்."

"அரசாங்கத் துப்பாக்கியை பேக்கரிக்கா? நீங்கதான் ஸ்டேஷனுக்கு வரணும்."

"எப்ப வரட்டும்?"

அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். "எங்க குடும்பத்துல யாரும் ஸ்டேஷன் வாசலை மிதிச்சதில்ல. இவன் நாள் கேக்கறான் பாரு!"

"பயப்படாதீங்க அண்ணி, பத்திரமாத் திருப்பி அனுப்பிடறேன்."

அண்ணியா! அக்கா சட்டென்று சர்வர் பக்கம் கையை உயர்த்தினாள்.

"தம்பி, இன்னும் மூணு கேக்!"