இருசப்பன் அடிக்க மறுத்த வரி

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இது கதையாகப் பிறக்கவில்லை. ஒரு லஸ்கர் தன் மேலதிகாரிக்குக் கொடுக்க வேண்டிய விளக்கக் கடிதமாகப் பிறந்தது. ஏரியின் கரையையும் மதகையும் ஷட்டரையும் பார்த்துக்கொள்ளும் ஊழியரைத்தான் எங்கள் பக்கம் லஸ்கர் என்போம். அவர் பெயர் இருசப்பன். அவர் சொல்லச் சொல்ல எழுதியவள் நான். உத்திரமேரூரிலிருந்து ஒன்பது கிலோமீட்டரில் எங்கள் ஊர். கல்லூரியில் அரசியல் தத்துவம் நடத்துகிறேன் என்பதால், மனு எழுத என்னிடம் வருவார்கள்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இருசப்பன் செய்த காரியத்தால் நஷ்டப்பட்டவர்களில் நானும் ஒருத்தி. என் பங்கு நிலத்தில் நவரைப் பருவத்து நெல், கதிர் விடும் நேரத்தில் தண்ணீரில்லாமல் காய்ந்தது. இதை மறைத்துவிட்டால் கதை இன்னும் அழகாக வரும். மறைக்க மாட்டேன்.

2

தொடக்கங்கள் சில எழுதிப் பார்த்தேன்.

'கார்த்திகை மாதத்து அடைமழையில், மின்னல் வெட்டிய அந்தக் கணத்தில், இருசப்பனின் மனசாட்சி'

வேண்டாம். மின்னல் எதுவும் வெட்டவில்லை. சாதாரண மழைதான், ஐந்தாம் நாளாகப் பெய்துகொண்டிருந்தது.

'இயற்கைச் சட்டம் என்பது, மனிதர்கள் இயற்றும் சட்டங்களுக்கு மேலே நின்று அவற்றை அளக்கும்'

இது என் பாடப்புத்தகத்தின் முதல் வரி. (மாணவர்களுக்காக இயற்கைச் சட்டக் கோட்பாட்டின் வரலாற்றைத் தமிழில் எழுதிக்கொண்டிருந்தேன். மூன்றாம் அத்தியாயத்தில் நிற்கிறது. ஏன் நிற்கிறது என்பதுதான் இந்தக் கதை.)

சரி, நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

3

எங்கள் ஏரியின் மேல்புறம், தண்ணீர் பரந்து நிற்கும் இடத்தின் ஓரத்தில் பதினோரு இருளர் குடும்பங்கள் இருக்கின்றன. பட்டா கிடையாது. அரசுக் காகிதத்தில் அவர்கள் பெயர் 'ஆக்கிரமிப்பாளர்கள்'. ஏரி நிரம்பினால் தண்ணீர் பின்னால் ஏறி அவர்கள் வாசலுக்கு வரும். ஷட்டரைத் தூக்கி உபரியை வெளியே விட்டால் இறங்கிவிடும்.

போன வருடம் விவசாயிகள் சங்கம் ஒரு மனு கொடுத்தது: நவரைக்குத் தண்ணீர் வேண்டும், சொட்டு விடாமல் தேக்க வேண்டும். அதை எழுதியவர் சங்கச் செயலாளர், என் அண்ணன் ஜானகிராமன். உத்தரவும் வந்தது: எழுத்து மூலமான அனுமதியின்றி ஷட்டரைத் தொடக் கூடாது.

மழையின் ஐந்தாம் நாள் விடிகாலை இருசப்பன் கரையைச் சுற்றிக்கொண்டு மேல்புறம் போனார். இளவரசி என்ற பெண் கட்டில்மேல் நின்றிருந்தாள். நிறைமாதம். இடுப்பில் மூத்த குழந்தை.

"அண்ணே, அடுப்புக்குள்ள தண்ணி. பாதை எங்க கீதுன்னே தெரியல. இந்த வயித்த வச்சிக்கினு நான் எப்டிண்ணே நடப்பேன்?"

இருசப்பன் பொறியாளருக்குப் போன் போட்டார்.

"மேல கேட்டுட்டுச் சொல்றேன். நீ கை வெக்காத."

அரை மணி கழித்து மறுபடியும் போட்டார். அதே பதில். மூன்றாம் முறை மணி அடித்து ஓய்ந்தது.

ஏழு பத்துக்கு அவர் ஷட்டர் சக்கரத்தைச் சுற்ற ஆரம்பித்தார். இரண்டு ஆள் சுற்ற வேண்டிய சக்கரம். தனியாகச் சுற்றினார். மதியத்துக்குள் குடிசைகளின் வாசல் வெளியே தெரிந்தது. யாருக்கும் எதுவும் ஆகவில்லை. அதிலிருந்து நான்காம் நாள் இளவரசிக்குப் பெண் குழந்தை பிறந்தது.

இங்கே முடித்திருந்தால் எல்லோருக்கும் நிம்மதி. ஆனால் அன்றைக்கு நின்ற மழை அந்த வருடம் திரும்ப வரவில்லை. ஏரியில் இரண்டு அடி குறைந்தது. பங்குனியில் கடைமடை நிலங்கள் காய்ந்தன. சங்கம் புகார் கொடுத்தது. இருசப்பனை இடைநீக்கம் செய்தார்கள். ஓய்வுபெற அவருக்கு ஆறு வருடம்தான் பாக்கி.

4

கடிதம் எழுத உட்கார்ந்தோம். நான்தான் வழி சொன்னேன். (ஆமாம், நான்தான். கதையில் வேறு யாராவது சொன்னதாக மாற்றலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன்.) 'ஷட்டர் துருப்பிடித்திருந்த காரணத்தால், பராமரிப்பின்போது தவறுதலாக மேலே ஏறிவிட்டது' என்று எழுதினால் தண்டனை குறையும். பொறியாளருக்கும் அது வசதி; அந்த மூன்று போன்களைப் பற்றி யாரும் கேட்க மாட்டார்கள்.

இருசப்பன் சிரித்தார். "துருப்புடிச்ச ஷட்டரு கீயதான் டீச்சர் மாட்டிக்கினு நிக்கும். மேல ஏறாது. படிச்சவங்க இத்தப் போய் நம்புவாங்களா?"

"நம்புறதுக்கு அவங்க ரெடியா இருக்காங்க. நீங்க எழுதிக் குடுத்தாப் போதும்."

"நான் இன்னாத்துக்குப் பொய் சொல்லணும்? சுத்துனது இந்தக் கை. இத்தப் போய் தவறுதலாங்கிறதா?"

பிறகு அவரே சொன்னார், நான் எழுதினேன். மொத்தம் இரண்டே வரி.

'ஷட்டரை நான்தான் தூக்கினேன். வீட்டுக்குள் ஆட்கள் இருக்கும்போது மறுபடியும் தண்ணீர் ஏறினால் மறுபடியும் தூக்குவேன்.'

5

இந்த இடத்தில் என் பாடப்புத்தகம் குறுக்கே வருகிறது. விட முடியவில்லை.

இரண்டாயிரம் வருடங்களுக்கு முன் ரோமாபுரியில் ஒரு வழக்கறிஞர், உண்மையான சட்டம் ஊருக்கு ஊர் மாறாது என்றார். இடைக்காலத் துறவி ஒருவர், அநீதியான சட்டம் சட்டக் கணக்கிலேயே சேராது என்றார். பிறகு டச்சு தேசத்துச் சட்ட அறிஞர் ஒருவர், கடவுள் இல்லையென்று வைத்துக்கொண்டாலும் இந்தச் சட்டம் நிற்கும் என்று துணிந்து எழுதினார். அப்புறம் வந்தவர்கள், எல்லாம் பிதற்றல், எழுதிவைத்ததே சட்டம் என்றார்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்து, உத்தரவின்படி கொன்றேன் என்று சொன்னவர்களைக் கூண்டில் ஏற்றியபோது, பழைய கோட்பாட்டைத் தூசி தட்டி எடுக்க வேண்டியிருந்தது.

இதுவரை இருசப்பனுக்கு வசதியான வரலாறு. வசதியில்லாததும் உண்டு. இதே 'இயற்கை' என்ற சொல்லை வைத்துத்தான் சிலர் பிறவியிலேயே அடிமைகள் என்றும் வாதாடினார்கள். என் அண்ணன் அந்தப் புத்தகம் எதையும் படித்ததில்லை. ஆனால் என் கையெழுத்துப் பிரதியைப் புரட்டிவிட்டுச் சொன்னார்:

"ஏரின்னா தண்ணி நிக்கணும். அதாம்மா இயற்கை. ஏரிக்குள்ள போய் குடிசை போட்டது யாரு தப்பு?"

"அவங்களுக்கு வேற எடம் யாருண்ணா குடுத்தா?"

"அது கவர்மெண்டு பாடு. நம்ம உத்திரமேரூரு ஆயிரம் வருசத்துக்கு முன்னாடியே ஏரிக்குன்னு வாரியம் வச்ச ஊரு. கோயில் கல்வெட்டுல கீது. போய்ப் பாரு."

பார்த்திருக்கிறேன். அவர் சொல்வது உண்மை. ஏரி வாரியத்துக்குக் குடவோலையில் ஆள் எடுத்தார்கள். அதே கல்வெட்டில், பெயர் எழுதிக் குடத்தில் போடுவதற்குக் கால் வேலி நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும் என்றும் இருக்கிறது. இருசப்பன் பெயர் குடத்துக்குள் போயிருக்காது. இளவரசி பெயர் போயிருக்காது. பெண்ணான என் பெயரும்தான். கல்லில் வெட்டியதாலேயே ஒன்று நியாயமாகிவிடாது என்பதை எனக்கு எந்தத் துறவியும் சொல்ல வேண்டியதில்லை.

(அடிக்குறிப்பாகப் போட வேண்டியது: அப்படியானால் காய்ந்த நெல்? அதுவும் நியாயம்தானே? கடைமடையில் என்னைவிட ஏழைகள் இருக்கிறார்கள். கஸ்தூரி என்ற பெண் குத்தகை நிலத்தில் போட்டதெல்லாம் போய், ராஜகுளத்துக்குக் கூலி வேலைக்குப் போகிறாள். இருசப்பனைப் புனிதராக்க முயன்ற ஒவ்வொரு வரைவையும் அவள் முகம் கிழித்துப் போட்டது. அவளுக்கு நஷ்ட ஈடு கொடுக்க வேண்டியது யார் என்று கேளுங்கள், நியாயமான கேள்வி. அதற்காகக் கட்டில்மேல் நின்றவளை அங்கேயே நிற்கச் சொல்ல முடியாது.)

6

விசாரணை ஆடி மாதம் நடந்தது. விசாரணை அதிகாரி கெட்டவர் இல்லை. அவரைக் கெட்டவராக்கினால் எழுதுவது சுலபம். கடிதத்தைப் படித்து, கண்ணாடியைக் கழற்றி வைத்தார்.

"இருசப்பன், முதல் வரி இருக்கட்டும். ரெண்டாவது வரிய மட்டும் அடிச்சிடுங்க. ஒரு இன்கிரிமெண்ட் கட்டோட முடிச்சி, வேலையில சேத்துடறேன்."

அவர் நீட்டிய பேனாவை இருசப்பன் வாங்கவில்லை.

"மொத வரிய அடிக்கச் சொன்னீங்கன்னா கூட யோசிப்பேன் சார். அது நடந்து முடிஞ்சி போச்சி. ரெண்டாவது இனிமே நடக்கப் போறது. இப்ப அத்த அடிச்சிட்டா, அப்ப வந்து யாரு தூக்குவாங்க?"

அதிகாரி கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். பாதிக்கப்பட்ட விவசாயிகள் யாராவது பேச வேண்டுமா என்று கேட்டார். அண்ணன் எழுந்தார். அவர் பேசி முடித்ததும் நானும் எழுந்தேன். அண்ணன் முகத்தைப் பார்க்காமல் பேசினேன். இதை வரைவில் அடித்துவிட்டு, திரும்பச் சேர்த்திருக்கிறேன்.

"எழுதிக்குங்க சார். என் நிலமும் காய்ஞ்சிது. அவர் செஞ்சது சரி. எனக்குப் புகார் இல்ல."

வெளியே வந்ததும் அண்ணன் ஸ்கூட்டரைக் கிளப்பாமல் நின்றார். "ஊரு முன்னாடி என்ன நிக்க வச்சிட்டியேம்மா" என்றார். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அதற்குப் பிறகு அவர் என்னோடு பேசவில்லை.

7

இறுதி உத்தரவு இன்னும் வரவில்லை. இருசப்பன் வாலாஜாபாத்தில் ஒரு அரிசி ஆலையில் மூட்டை தூக்குகிறார். ஷட்டர் சக்கரத்துக்குச் சங்கிலி போட்டுப் பூட்டிவிட்டார்கள்.

இரண்டு முடிவுகள் எழுதி அவரிடம் படித்துக் காட்டினேன். ஒன்றில் அவரை வேலையைவிட்டே நீக்குகிறார்கள். தலை நிமிர்ந்து போகிறார். மற்றதில் வேலை திரும்பக் கிடைக்கிறது. ஊரே மாலை போடுகிறது.

"ரெண்டும் என்னப் பத்திதான் கீது டீச்சர். அந்தப் பதினோரு வூட்டப் பத்தி ஒண்ணும் காணமே."

இரண்டையும் கிழித்தேன். உத்தரவு எப்படி வந்தாலும் அவர் செய்தது அதனால் தப்பாகவோ சரியாகவோ மாறப்போவதில்லை. அப்படியிருக்க அந்தக் காகிதத்துக்காக நான் ஏன் கதையை நிறுத்திவைக்க வேண்டும்? முடிவு எழுத மறுக்கிறேன்.

இன்று ஐப்பசி பதினொன்று. முந்தாநாளிலிருந்து விடாமல் மழை. இளவரசியின் வீடு அதே இடத்தில் இருக்கிறது. சங்கிலியின் சாவி, ஞாயிற்றுக்கிழமை பூட்டியிருக்கும் ஓர் அலுவலகத்தில், ஒரு மேசைக்குள் இருக்கிறது. இன்று ஞாயிற்றுக்கிழமை. வாலாஜாபாத்திலிருந்து இருசப்பன் பஸ் ஏறிவிட்டதாகப் போன் வந்தது.

இதை விசாரணையில் சாட்சியமாக வைத்துக்கொள்வதானால் வைத்துக்கொள்ளட்டும். என் பெயர் சாந்தினி. முழு முகவரியும் துறையிடம் இருக்கிறது. நான் கரைக்குப் போகிறேன். படிக்கிறவர்களே, நீங்களும் வருவதானால் வெறுங்கையோடு வராதீர்கள்; அந்தச் சங்கிலி கையால் அறுபடாது.