திஜானி ஐயா ஜெயித்த ஆட்டம்

திஜானி ஐயா மூன்று நாளாகப் பட்டினி. ஒரு காலத்தில் துனிஸ் நகரமே அவர் கண்ணசைவுக்கு எழுந்து நின்றது. இப்போது பதவி போய், பக்கவாதத்தில் வலது கை விழுந்து, கெலிபியா கடலோரத்தில் காவல் போட்ட வீட்டில் கிடக்கிறார். எட்டிப் பார்க்க ஒரு நாதி இல்லை. "நாளைக்கும் சாப்பிடலைன்னா மூக்குல குழாய்தான்" என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போனார்.

எல்லாம் காவல்காரன் ஹத்தாப் செய்த வேலை. தினமும் அவரோடு ஷ்கொபா சீட்டாடுவான், தினமும் தோற்பான். மூன்று நாளைக்கு முன் டைமன் ஏழையே தூக்கி நடுவில் போட்டுவிட்டான். ஊரே 'உயிர் ஏழு' என்று கொண்டாடும் சீட்டு அது. பால்குடிப் பிள்ளைகூட அதை எதிராளிக்கு விட்டுத்தராது. ஐயா சீட்டைப் பார்த்தார், அவனைப் பார்த்தார், கையிலிருந்ததைக் கவிழ்த்து வைத்தார். அதோடு சாப்பாட்டையும் நிறுத்திவிட்டார்.

"ஒரு மரியாதைக்குத்தானே தோத்தேன்" என்று, டாக்டர் போனதும் வாசலில் நின்று இழுத்தான் ஹத்தாப்.

"உன் மரியாதையில தீய வைக்க!" என்றாள் சமையல்காரி மன்னூபியா. விறுவிறுவென்று உள்ளே போய்க் கட்டிலருகே உட்கார்ந்து சீட்டைக் கலைத்தாள்.

முதல் ஆட்டத்திலேயே மேசையைத் துடைத்தாற்போல அள்ளி, "ஷ்கொபா!" என்று ஓங்கி அடித்தாள். "இந்த லட்சணத்துலதான் இருபது வருஷம் மந்திரிங்கள ஜெயிச்சீங்களா? அவங்களும் ஹத்தாப் ஜாதிதானா?"

சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"எல்லாரும்தான்," என்று குழறினார் ஐயா. "நெசமா ஒரு ஆட்டமாவது ஜெயிச்சிருக்கேனான்னே தெரியலம்மா."

அதற்காக அவள் விட்டுக்கொடுக்கவில்லை. இரண்டாவது ஆட்டமும் அவளுக்கே.

மூன்றாவதில் இருவரும் சரிக்குச் சரி; இனி ஒரு ஷ்கொபா அடிப்பவருக்கே ஆட்டம். நடுவில் ஒரு இரண்டும் ஒரு மூன்றும் கிடந்தன; கூட்டினால் ஐந்து, ஐந்தைப் போடுபவர் இரண்டு சீட்டையும் அள்ளலாம். கையில் ஐந்தை வைத்துக்கொண்டு தன் முறைக்குப் பறந்துகொண்டிருந்தாள் மன்னூபியா. ஐயாவின் இடது கை முந்திக்கொண்டு வந்தது. அவரிடமும் ஒரு ஐந்து இருந்தது; அதைப் போட்டார். நடுவிலிருந்த இரண்டு சீட்டையும் வாரினார்.

"ஷ்கொபா!"

"அழுகுணி!" என்று துள்ளி எழுந்தாள் மன்னூபியா. "என் சீட்ட எட்டிப் பாத்தியா, கிழவா?"

வாசலில் ஹத்தாபுக்கு உயிரே போய்விட்டது. ஐயாவோ கோணிய வாயோடு, கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

"டேய் ஹத்தாப், இவ மூஞ்சியப் பாருடா! நெசமான கோபம்டா! நான் ஜெயிச்சிட்டேன்! பசிக்குதும்மா, சூப் கொண்டா."

"சூப்பும் கிடையாது, ஒண்ணும் கிடையாது!" என்றாள் அவள், சீட்டைக் கலைத்துக்கொண்டே. "இன்னொரு ஆட்டம் போடாம ஒருத்தரும் நகரக் கூடாது!"

ஹத்தாப்தான் அடுப்படிக்கு ஓடினான்.