ஒரிஜினல் கரி

பதினான்கு வருடமாகப் பார்த்திபன் டிவி சீரியல்களுக்குக் கேமராமேன். மாமியார் முகத்தில் நிழல் விழக் கூடாது, மருமகளின் நெக்லஸ் மின்ன வேண்டும். அதற்கு மேல் அந்தத் தொழிலில் யாரும் அவரிடம் எதையும் கேட்டதில்லை. நாற்பத்து மூன்றாவது வயதில்தான் முதல் சினிமா வந்தது. கொடுத்தவர் டைரக்டர் இளமதி. ஒரே படத்தில் நான்கு வெளிநாட்டுத் திரைப்பட விழாக்களுக்குப் போய்வந்தவர். "தொழிலாளிங்க வாழ்க்கை சார். எனக்குப் பொய் மட்டும் ஆகாது" என்றார்.

பொய்யில்லாத இடத்தைப் பார்த்திபனே பிடித்துக் கொடுத்தார். கும்மிடிப்பூண்டியில் இரும்பு உருக்கும் ஆலைக்குப் பின்னால் ஒரு சந்து. நாற்பது வீடுகள். நாற்பதும் அடுப்புக்குள் கட்டியதுபோல இருந்தன.

"ஒரிஜினல் கரி மேடம். பூச்சு வேலையே கிடையாது" என்று, முகூர்த்தப் பட்டுப்புடவையை விரித்துக் காட்டும் கடைக்காரரைப் போல ஒவ்வொரு சுவராகக் காட்டினார். இளமதி ஒரு சுவரைத் தொட்டு, விரலைப் பார்த்துக் கண் கலங்கினார். வியாபாரம் படிந்துவிட்டது.

அந்தச் சந்தோஷத்தில், முதல் வீட்டுப் பச்சையம்மாவிடம், "அடுத்த வாரம் ஷூட்டிங்மா. உங்க வீடுங்கதான் படத்துல ஹீரோ" என்று அள்ளிவிட்டார்.

அதுதான் காரியத்தைக் கெடுத்தது. திங்கட்கிழமை யூனிட் வண்டி வந்து நின்றபோது, சந்து ரோஜாவும் கிளிப்பச்சையும் மஞ்சளுமாகப் பளபளத்தது. ஆண்கள் ஆலைக்கு லீவு போட்டுவிட்டுப் பவுடர் முகத்தோடு நின்றார்கள்.

"இன்னா சார், எப்டிகீது? நேத்துதான் ஊடு ஊடா நாங்களே அடிச்சது" என்றார் பச்சையம்மா.

இளமதி காரைவிட்டு இறங்கவில்லை. கண்ணாடியை மட்டும் இறக்கினார். "சார், என் கரி எங்கே?"

பார்த்திபன் பச்சையம்மாவிடம் ஓடினார். "அம்மா, பழையபடி கறுப்பாத்தான் வேணும். நாங்களே ஸ்ப்ரே அடிச்சுக்கறோம். முடிஞ்சதும் புதுசா பெயிண்ட் அடிச்சுத் தந்துடறோம்."

"யோவ், உன் பொண்ணு கண்ணாலத்துல போட்டோ புடிக்கசொல்ல மூஞ்சில கரி பூசினுதான் நிப்பியா?"

"சரி, நாலே நாலு வீடு."

"இருவது வருசமா துணி காயவெச்சா கறுப்பு, சோறு ஆறவெச்சா கறுப்பு. அப்பல்லாம் எவனாச்சும் கேமரா தூக்கினு வந்தானா?"

"ஒரு சுவரும்மா. பின்பக்கச் சுவர்."

"ஒரு செங்கல்லுகூட கெடையாது, போ."

காருக்குத் திரும்பியவரிடம் இளமதி சொன்னார்: "விடுங்க சார். சென்னையில ஸ்டூடியோ ஃப்ளோர் எடுத்து இந்தச் சந்து மாதிரியே செட் போட்டுக்கறேன்."

பார்த்திபனுக்கு உயிர் வந்தது. "செட்டா மேடம்? பதினாலு வருஷமா நான் குடியிருக்கிற இடமே அதுதானே!"

"அதான் சார் பயமே. நீங்க லைட் வெச்சா என் தொழிலாளி மாப்பிள்ளை மாதிரி நிப்பான். செட்டுக்கு வேற ஆள் பாத்துக்கறேன்."

கண்ணாடி ஏறியது. பொய் ஆகாத டைரக்டர் அட்டையில் சந்து கட்டக் கிளம்பினார். யூனிட் வண்டியும் பின்னாலேயே போனது. மிஞ்சியது பார்த்திபனும் தோளில் தொங்கிய சொந்தக் கேமராவும்.

"இட்டுனு வந்தவங்க உட்டுட்டுப் பூட்டாங்களா?" என்றார் பச்சையம்மா. "பேஜாராவாத. அதான் கேமரா கீதே. ஊட்டுக்கு ஒரு போட்டோ புடி."

நாற்பது குடும்பங்களும் அவரவர் சுவருக்கு முன்னால் வரிசையாக நின்றுவிட்டன. பார்த்திபன் ட்ரைபாடைத் தேடினார். அது வண்டியோடு போயிருந்தது. கையிலேயே கேமராவைப் பிடித்துக்கொண்டு, ரோஜாச் சுவருக்கு ஃபோகஸைத் திருகினார்.

பச்சையம்மா ஆலைப் பக்கம் ஒரு கண்ணை வைத்துக்கொண்டு அவசரப்படுத்தினார்.

"சீக்கிரம் எடு சார். மூணு மணிக்கு உலையத் தொறந்தான்னா, அந்தம்மா கேட்ட கறுப்பு தானா வந்து குந்திக்கும்."