உட்கார்ந்தது உண்மைதான்

குழாயில் தண்ணீர் வரவில்லை என்று காலிக்குடத்தோடு சாலை மறியல் செய்த சீனித்தாய் மேல் போலீஸ் வழக்குப் போட்டிருந்தது. விசாரணைக்குப் போகும் முன்பே அதை ரத்து செய்யக் கேட்டு மதுரை ஹைகோர்ட்டில் போடவேண்டிய மனுவை வக்கீல் தவமணி அவளுக்கு வாசித்துக் காட்டினார். பஸ்ஸுக்கு நின்றவளைத் தவறாகச் சேர்த்துவிட்டார்கள் என்று அதில் இருந்தது.

"யாரு பஸ்ஸுக்கு நின்னது? நடுரோட்டுல சம்மணம் போட்டுல்ல உக்காந்திருந்தேன்."

"எல்லா மனுவுலயும் இப்படித்தாம்மா போடுவோம். கையெழுத்தப் போடு."

"இல்லைன்னு எழுதிட்டு, கூட வெயில்ல வெந்தவளுக மூஞ்சில எப்படி முழிப்பேன்? உக்காந்தேன்னே எழுதுங்க. தண்ணி கேட்டது குத்தமான்னும் சேத்து எழுதுங்க."

தவமணி தலையில் அடித்துக்கொண்டு மாற்றி எழுதினார்.

மனுவைப் படித்த நீதிபதி நிமிர்ந்தார். "மறியல் பண்ணதை ஒத்துக்கிறாங்களா?"

"ஒத்துக்கிறாங்க மை லார்ட். அதுல குத்தம் என்னன்னுதான் கேக்குறாங்க."

யாரையும் அடிக்கவில்லை, எதையும் உடைக்கவில்லை, தண்ணீர் கேட்டதற்கு விசாரணை எதற்கு என்று சொல்லி நீதிபதி வழக்கை ரத்து செய்தார்.

மறுநாளும் குழாய் காற்றைத்தான் கக்கியது. சீனித்தாய் குடத்தோடு போய் அதே இடத்தில் சம்மணம் போட்டாள். இன்ஸ்பெக்டர் ஜீப்பிலிருந்து இறங்கி வந்தார்.

"நேத்துத்தானம்மா கேசு முடிஞ்சுது?"

"கேசுதான் சார் முடிஞ்சுது" என்று அவள் குடத்தை அவர் பூட்ஸ் மேல் கவிழ்த்துக் காட்டினாள். ஒரு சொட்டு விழவில்லை.