வெள்ளைச் சுவரில் ஒட்டிய சட்டம்

ரோமாபுரியில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் இருந்த சட்டம் ஒன்று, கோவில்பட்டியில் ஒரு கல்லூரியின் பின்தெருவில் புதன்கிழமை காலை ஆறு மணிக்கு அமலுக்கு வந்தது. அன்று கத்தரிக்காய் கிலோ நாற்பது ரூபாய். அதிகாரி முன் நின்று எந்தப் பெண்ணும் இன்னொருவருக்காகப் பேசக்கூடாது என்பது சட்டம். ரேஷன் கடையில், காய்ச்சலில் கிடந்த பக்கத்து வீட்டுக்காரிக்காகப் பாமாயில் கேட்ட பத்திரகாளியின் வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை. தன் சர்க்கரையைக் கேட்டபோது குரல் திரும்பியது.

அந்தத் தெருவில் பெரும்பாலும் ஆசிரியைகளும் ஆராய்ச்சி மாணவிகளும்தான் வாடகைக்கு இருந்தார்கள். வரலாற்றுத் துறை ஸ்டெல்லாமேரி, ரோமானியப் பிரபுக்களின் நீதிமன்றப் பேச்சுகளைப் பற்றி ஒன்பது ஆண்டுகளாக ஆய்வேடு எழுதிக்கொண்டிருந்தாள். அங்கே நீதிபதிகள் தங்கள் ஆணைகளை வெள்ளையடித்த பலகையில் எழுதிச் சந்தைவெளியில் வைப்பார்கள். வகுப்பில் காட்டுவதற்காக அப்படியொன்றைத் தமிழாக்கிப் பெரிய எழுத்தில் அச்சடிக்கக் கொடுத்திருந்தாள். அச்சகத்தில் அது மரண அறிவிப்புகளோடு கலந்துவிட்டது. சுவரொட்டி ஒட்டும் வேல்சாமி, புதிதாக வெள்ளையடித்த சுவராகப் பார்த்து ஒட்டிவிட்டார்.

“அண்ணாச்சி, அது பாடத்துக்குல்லா குடுத்தேன்!”

“எழவு நோட்டீசோட கட்டிக் குடுத்தாவம்மா. கிழிச்சும் பாத்துட்டேன். தாளுதான் வருது, எழுத்து செவுத்துலயே நிக்கி.”

ஸ்டெல்லாமேரிக்கு முதலில் வந்தது நிம்மதி. அந்த நிம்மதியைக் கண்டுதான் அவள் பயந்தாள். வெள்ளிக்கிழமை கல்லூரி விசாரணைக் குழு முன் ஆராய்ச்சி மாணவி பூங்கொடிக்காகப் பேசுவதாக அவள் ஒப்புக்கொண்டிருந்தாள். பூங்கொடியை அறைக்கு வரச்சொல்லிக் கதவைச் சாத்திய பேராசிரியர்தான் ஸ்டெல்லாமேரியின் ஆய்வேட்டிலும் கையெழுத்திட வேண்டியவர். இனி பேசாதிருக்கச் சட்டமே இருக்கிறது. தனக்குள் ஒருத்தி இதற்காகவே காத்துக் கிடந்திருக்கிறாள் என்று அவளுக்குத் தெரிந்தது.

வெள்ளிக்கிழமை பேராசிரியர் எதிரில் அமர்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். பூங்கொடி தலை நிமிரவில்லை. கேட்டதற்கெல்லாம் அழுகைதான் வந்தது. ஸ்டெல்லாமேரி எழுந்து, “பூங்கொடிக்கு…” என்று வாயசைத்தாள். மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது.

“என்ன டீச்சர், எந்திரிச்சு நின்னுக்கிட்டு வாய மெல்லுதீங்க?” என்றார் குழுத் தலைவி சத்தியபாமா. பேராசிரியர் சிரித்தார்.

உட்கார்ந்துவிடலாம். யாரும் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அந்தச் சட்டம் ஒன்றை மட்டும் தடுக்கவில்லை என்பதை அவளைவிட நன்றாக அறிந்தவர் அந்த ஊரில் இல்லை. தனக்காகச் சொல்ல இருந்ததை அவள் தன் அம்மாவிடம்கூடச் சொன்னதில்லை. மேசையைப் பிடித்துக்கொண்டாள்.

“எனக்கு,” என்றாள். குரல் வந்தது. “பதினோரு வருசத்துக்கு முன்னால எனக்கும் இவிய அந்தக் கதவச் சாத்துனாவ.”

பேராசிரியர் தம்ளரைக் கீழே வைத்தார். பூங்கொடி தலை நிமிர்ந்தாள்.

அடுத்த அமர்வு ஒரு வாரம் கழித்து நடந்தது. ஒருத்திக்காக இன்னொருத்தி பேச வழியில்லாததால் அந்தத் தெருவிலிருந்து அவரவரே வந்தார்கள். ஆறு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். வேதியியல் கூடத்திலிருந்து இன்னும் ஐந்து கொண்டுவர வேண்டியிருந்தது.